எல்லை ஓடையும் றலியா தாத்தாவின் பீலியும்

சித்தி றலியா என்பது அவருடைய முழுப்பெயர்; ஊரில் எல்லோரும் றலியா தாத்தா என்றுதான் கூப்பிடுவார்கள். கண்டிப் பக்கத்து முஸ்லிம்கள் மூத்த சகோதரியைத் தாத்தா என்றும் மூத்த சகோதரனை நானா என்றும் சொல்வார்கள். யாழ்ப்பாணத்தில் பிறந்த எனக்கு, காதில் தோடும் தலையில் முக்காடுமாக நிற்கும் ஒரு பெண்ணைத் தாத்தா என்று கூப்பிட வெகுகாலம் வாய் வரவில்லை. வந்த பிறகு வேறு எப்படியும் கூப்பிட வரவில்லை.

என் பெயர் பரமநாதன். கண்டி நீதிமன்றங்களில் மொழிபெயர்ப்பாளனாக இருந்து ஓய்வு பெற்றவன். அந்த வேலைக்கு முதலியார் என்று பழைய பட்டம் ஒன்று உண்டு. பட்டம்தான் பெரிது. வேலை என்னவோ, ஒருவர் தமிழில் சொன்ன பொய்யைச் சிங்களத்தில் பிசகாமல் சொல்வது. எண்பத்து மூன்றாம் ஆண்டுக் கலவரத்தில் கண்டியில் நாங்கள் குடியிருந்த வீடு எரிந்துபோனது. றலியா தாத்தாவின் கணவர் நஸீம் நானாவை ஒரு வழக்கில் பழக்கம். அந்த ஒரு பழக்கத்தை நம்பி, மனைவி சரோஜினிதேவியையும் இரண்டு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு கெலிஓயாப் பக்கம் அவர்கள் வீட்டுக்குப் போனேன். ஒரு வாரம் இருக்கலாம் என்று போனவர்கள், அவர்களுடைய வளவின் பின்பக்க வீட்டுக்கே குடிவந்துவிட்டோம். வெட்கமில்லாத மனிதர்கள் என்று யாரும் எங்களைச் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் போயிருக்க மாட்டோம்.

றலியா தாத்தாவின் சுபாவத்தைச் சொல்லவேண்டும் என்றால் அவருடைய காணியிலிருந்துதான் தொடங்கவேண்டும். அவருடைய வாப்பா இறந்தபோது வயலும் கடையும் சகோதரர்களுக்குப் போயின. மகளின் பங்காக இவருக்கு வந்தது மலைச்சரிவில் கிராம்பும் சாதிக்காயும் நிற்கிற ஒரு வளவு, அதன் உச்சியில் ஒரு ஊற்று, பிறகு வளவுக்குக் கீழே ஓடுகிற ஓடையைத் தாண்டி ரோட்டோரமாக ஒரு சின்னக் காணித்துண்டு. “அவங்களுக்கு நெல்லு, எனக்குக் கல்லும் தண்ணியும்” என்று சிரித்துக்கொண்டே சொல்வார். சிரிப்பில் குறை எதுவும் இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

ஊற்றுத் தண்ணீரை ரோட்டால் போகிறவர்களுக்கும் கிடைக்கச் செய்தவர் அவருடைய வாப்பா. கமுக மரத்தை இரண்டாகப் பிளந்து, உள்ளே குடைந்து, நுனிக்கு நுனி பொருத்தி, கவைக்கம்புகளில் தாங்கி, ஓடைக்கு மேலாக அந்தக் காணித்துண்டுக்குத் தண்ணீரைக் கொண்டுவந்து விழவிட்டார். அதுதான் பீலி. காலையில் ஆண்கள், வெயில் ஏறியபின் பெண்கள், பின்னேர அசர் தொழுகைக்குப் பிறகு யார் வேண்டுமானாலும் குளிக்கலாம். சிங்களவர், முஸ்லிம்கள், தேயிலைத் தோட்டத்திலிருந்து வருகிறவர்கள் என்று எல்லோருக்கும் ஒரே தண்ணீர்தான். ஒவ்வொரு வருடமும் நோன்பு பிடிக்க முன்னர் பழைய கமுகை இறக்கி, ஊற்றைத் துப்புரவாக்கி, புதுக் கமுகு வைப்பது வழக்கம். பீலியில் குளிக்கிற வீட்டிலிருந்து ஒரு ஆளாவது வந்து கமுகுக்குக் கை கொடுக்கவேண்டும். கை கொடுத்தவர்களுக்குக் கஞ்சி. இதற்குமேல் அங்கே சட்டம் எதுவும் இருக்கவில்லை.

தொண்ணூற்றாறாம் ஆண்டு வறட்சி வந்தது. மின்சாரம் போனது, குழாய்த் தண்ணீர் போனது, எங்கள் பீலி மட்டும் போகவில்லை. கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதையாக, அந்த நல்ல பெயரே வினையாகிவிட்டது. பிரதேச சபையின் சேர்மனுக்குப் பீலி கண்ணில் பட்டது. தேர்தல் வரும் காலம். ஒரு நாள் சபையின் ஆட்கள் வந்தார்கள். ரோட்டோர வேலியைப் பிடுங்கினார்கள். “பொதுக் குளிப்பிடம், சபைக்குச் சொந்தமானது” என்று ஒரு பெரிய பலகையை நட்டார்கள். சீமெந்தும் மணலும் வந்து இறங்கின.

தாத்தா கையில் இருந்த சுளகை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்தார்.

“எங்கட வாப்பா வெச்ச பீலி, முதலியார். எல்லாரும் குளிக்கட்டும், நான் வாணாம்னு செல்லல்ல. ஆனா காணி அவங்கடன்னு போர்ட் அடிச்சா, நாளைக்கு யாரக் குளிக்க விடுற, யாரத் தொரத்துறன்னு அவங்க செல்வாங்க. அத மட்டும் நான் உட மாட்டன்.”

நஸீம் நானா பயந்த மனிதர். கடையில் நிறுவையைக்கூட வாடிக்கையாளர் பக்கம் சாய்த்தே பிடிப்பார். “சபையோட மோதி என்ன செய்யப் போறீங்க?” என்று கேட்டார்.

“மோதல்ல. கோட்டுக்குப் போறன்” என்றார் தாத்தா.

கோடு என்றால் நீதிமன்றம். என் ஓய்வுக்காலம் அந்தச் சொல்லோடு முடிந்தது.

முதலில் தாத்தா வீட்டுக்குக் கிட்ட இருந்த பொலிஸில் முறைப்பாடு செய்தார். அது கம்பளைப் பக்கத்துப் பொலிஸ். வழக்கும் கம்பளை நீதவானிடம் போனது. அங்கே சபையின் சட்டத்தரணி எல்லைக்கோடு போட்ட ஒரு பெரிய வரைபடத்தை மேசையில் விரித்தார். கோட்டை இழுத்து இழுத்துக் காட்டினார். ஊருக்கு ஒரே பெயர்தான் என்றாலும் ஓடைதான் எல்லை, ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு சபை, இந்தப் பக்கம் இன்னொரு சபை. அந்தப் பக்கத்துக் காணி கண்டி நீதிமன்றத்துக்கு உரியது, இந்த நீதிமன்றத்தின் அதிகாரம் ஓடையோடு முடிகிறது என்றார். அவர் சொன்னதில் பிழையில்லை. நீதவானும் அப்படியே எழுதி வழக்கைத் தள்ளிவிட்டார்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது தாத்தா கேட்டார்:

“ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு நீதவான், இந்தப் பக்கம் ஒரு நீதவான். நடுவுல தண்ணிக்குள்ள ஈக்கிற மீனுக்கு யாரு முதலியார்?”

“மீன் கோட்டுக்குப் போறேல்லை” என்றேன்.

“அதான் நல்லா ஈக்கிது.”

கண்டியில் எனக்குத் தெரிந்த சட்டத்தரணி விமலநாதனிடம் கூட்டிப்போனேன். கெட்டிக்காரர். ஆனால் எந்தக் கேள்விக்கும் நேரே பதில் சொன்னால் தொழில் கெட்டுவிடும் என்று நினைப்பவர்.

“அக்கா, நியாயாதிக்கம் எண்டு ஒண்டு இருக்கு” என்று தொடங்கினார். “எந்த வழக்கை எந்தக் கோடு விசாரிக்கலாம் எண்ட அதிகாரம். அது பிழைச்சால் உங்கட பக்கம் எவ்வளவு நியாயம் இருந்தும் சரிவராது.”

“அப்ப நியாயத்துக்கு ஒரு வாசல், அதிகாரத்துக்கு ஒரு வாசலா?” என்று தாத்தா கேட்டார்.

விமலநாதன் கண்ணாடியைத் துடைத்தார்.

கண்டி மாவட்ட நீதிமன்றத்தில், காணி தன்னுடையது என்று வழக்குப் போட்டார் தாத்தா. சபையின் அதே சட்டத்தரணி எழுந்தார். இது சபை கூடி எடுத்த தீர்மானம், அதை ரத்துச் செய்ய மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கவேண்டுமே தவிர இங்கே வரக்கூடாது என்றார். வேறு நாளுக்குத் தவணை போட்டார்கள். அந்தத் தவணைக்குள் மேல் நீதிமன்றத்துக்கும் போனோம். அங்கேயும் அதே மனிதர், அதே கறுப்புக் கோட்டு. காணி யாருடையது என்பதே தகராறாக இருக்கும்போது எழுத்தாணை கொடுக்க முடியாது, சாட்சி வைத்து மாவட்ட நீதிமன்றத்தில் தீர்க்கவேண்டும் என்றார். இங்கே கேட்டால் அங்கே போ, அங்கே கேட்டால் இங்கே போ. ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்பார்கள். கூத்தாடி அந்த மனிதர்தான். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. இத்தனை வருடம் இதே வாதங்களை மற்றவர்களுக்கு மொழிபெயர்த்துச் சொல்லிவிட்டு, மத்தியானம் நிம்மதியாகச் சோறு சாப்பிட்டவன் நான். நம்முடைய ஆள் கூண்டுக்கு வெளியே முக்காட்டை இழுத்துப் பிடித்துக்கொண்டு நிற்கும்போதுதான் அதன் காரம் தெரிகிறது.

தாத்தா மட்டும் சோரவில்லை. யுத்த காலம், நீதிமன்ற வாசலில் பையைக் கொட்டிச் சோதிப்பார்கள். சோதிக்கிற பெண் பொலிஸுக்குத் தாத்தா ஒவ்வொரு தவணைக்கும் ஒரு கை கிராம்பு கொண்டுபோவார். பல்வலிக்கு நல்லதாம். மூன்றாம் தவணைக்குள் அந்தப் பிள்ளை எழுந்து நின்று சலாம் சொல்லும் அளவுக்கு வந்துவிட்டாள். என்னுடைய அடையாள அட்டையை மட்டும் வழக்கம்போலத் திருப்பித் திருப்பிப் பார்ப்பாள்.

நாங்கள் வாசல் வாசலாக ஏறி இறங்க, சபை கட்டி முடித்துவிட்டது. பீலி விழுகிற இடத்தைச் சுற்றிச் சுவர், நீலத் தரை, ஒரு பெரிய தொட்டி. மேலே இருந்த கமுகை மட்டும் அவர்கள் தொடவில்லை. அது தொட்டியில் தண்ணீரைக் கொட்டிக்கொண்டிருந்தது, போதும் என்று நினைத்தார்கள். மறுமுனை எங்கே இருக்கிறது என்று யாரும் கேட்கவில்லை. சேர்மன் நல்ல நேரம் பார்த்துத் திறப்பு விழாவுக்கு நாள் குறித்தார்.

அந்த நாள் நோன்புக்கு முந்திய கிழமையில் விழுந்தது.

தாத்தா தோட்டத்து இருளப்பனைக் கூப்பிட்டார். வருடாவருடம் கமுகு வெட்டிக் குடைகிறவன் அவன்தான். திறப்பு விழா அன்று காலையில் இருளப்பன் பழைய கமுகை இறக்கி வைத்தான். ஊற்றில் இறங்கி இலையும் சேறும் அள்ளினான். ஓடைக்கு அந்தப் பக்கம் மேளம் அடித்தது. மாலை போட்டார்கள். சேர்மன் நாடாவை வெட்டினார். எல்லோரும் தொட்டியைப் பார்த்தார்கள். கழுவி வைத்த தொட்டியில் ஒரு தவளை மட்டும் இருந்தது.

நாங்கள் இக்கரையில் நின்று பார்த்தோம். நான் சிரித்ததை நஸீம் நானா பார்த்துவிட்டு வாயைப் பொத்தச் சொல்லிச் சைகை காட்டினார். அவருடைய தோளும் குலுங்கிக்கொண்டுதான் இருந்தது.

“வேணும்னு செஞ்சீங்களா?” என்று நானா மனைவியிடம் கேட்டார்.

“நோம்புக்கு முந்திப் பீலி மாத்துறது வழம. அவங்க வந்து என்னட்டக் கேட்டா நாள் வெச்சாங்க?” என்றார் தாத்தா. முகத்தில் ஒரு சுருக்கமும் இல்லை.

ஊற்றுத் துப்புரவானதும் இருளப்பன் வந்து நின்றான். “அம்மா, புதுசு ரெடியாயிருச்சு. எந்தப் பக்கம் வைக்கிறதுன்னு சொல்லுங்க. அந்தப் பக்கம் வச்சா தண்ணி அவங்க தொட்டியில இல்ல விழும்?”

தாத்தா கொஞ்சம் யோசித்தார். “இந்தப் பக்கமே வெய்யி” என்றார்.

இப்படித்தான் பீலி ஓடையைக் கடக்காமல் எங்கள் கரையிலேயே விழத் தொடங்கியது. குளிக்க வருகிறவர்கள் நாலு கல்லை மிதித்து ஓடையைத் தாண்டி வந்தார்கள். யாருக்கும் தண்ணீர் குறையவில்லை. குளித்தவர்கள் ஈரத்துணியைச் சபையின் சுவரில் காயப்போட்டார்கள். பக்கத்து வீட்டுச் சோமாவதி தன் மிளகைக் கொண்டுவந்து சபையின் நீலத் தரையில் பரப்பினாள். அவ்வளவு சுத்தமான மிளகுக்களம் அந்தப் பிரதேசத்தில் வேறு இல்லை.

சேர்மனுக்கு இது பொறுக்குமா? பொதுமக்களின் தண்ணீரைத் தடுத்ததாகப் பொலிஸுக்குப் போனார். அமைதி குலையும் என்று கண்டி நீதவானிடம் வழக்கு வந்தது. தாத்தா தமிழில்தான் பேசுவேன் என்று பிடிவாதமாக நின்றார். எனக்குப் பதிலாக வந்த புது முதலியார் திணறாமல் மொழிபெயர்த்தார். பக்கத்தில் இருந்து உதடு அசைத்துக்கொண்டிருந்தவன் நான்.

“கமுகை எங்கே நின்று கழற்றினீர்கள்?” என்று நீதவான் கேட்டார்.

“எங்கட ஊத்தடியில, ஐயா.”

“ஊற்று எங்கே இருக்கிறது?”

“ஓடைக்கு மற்றப் பக்கம். எங்கட வீட்டு வளவுக்குள்ள.”

விமலநாதன் எழுந்தார். அன்றைக்கு மட்டும் அவர் நேரே பேசினார். சபையின் சட்டத்தரணியே கம்பளையில் விரித்துக் காட்டிய வரைபடத்தின் பிரதியை மேசையில் விரித்தார். கோட்டை இழுத்து இழுத்துக் காட்டினார். நீதவான் வரைபடத்தைப் பார்த்தார், சபையின் சட்டத்தரணியைப் பார்த்தார்.

“ஓடைதான் எல்லை என்று நீங்கள்தானே சொல்லியிருக்கிறீர்கள்? அப்படியானால் ஊற்று என் அதிகாரத்துக்குள் இல்லை. உங்கள் சபையின் அதிகாரத்துக்குள்ளும் இல்லை.”

சபையின் சட்டத்தரணி வாயைத் திறந்தார். அதிலிருந்து ஒன்றும் வரவில்லை, திறப்பு விழாவைப் போலவே. சுற்றிச் சுற்றி எங்களை விரட்டிய அதே வேலி இப்போது அவருடைய கறுப்புக் கோட்டைப் பிடித்துக்கொண்டது. நான் வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். நீதிமன்றச் சேவகனான ஆராச்சி வந்து என்னை வெளியே போகச் சொன்னான். என் வேலைக்காலம் முழுவதும் என்னிடம் தேநீர் வாங்கிக் குடித்தவன்.

இனிச் சேர்மன் கம்பளைக்குப் போகவேண்டும். அல்லது ஓடைக்கு இக்கரைச் சபையின் உதவியைக் கேட்கவேண்டும். இக்கரைச் சேர்மன் எதிர்க்கட்சிக்காரர். கதையைக் கேட்டுவிட்டு அவரே பீலியில் வந்து குளித்துவிட்டுப் போனார்.

நோன்பு பாதி ஆனபோது, ஒரு பின்னேரம் அக்கரைச் சேர்மன் தாத்தாவின் வீட்டுக்கு வந்தார். தனியாக வந்தார். வெள்ளைச் சாரமும் வெள்ளைச் சட்டையும். நஸீம் நானா கதிரையைத் துடைத்துப் போட்டார். பேச்சு சிங்களத்தில் நடந்தது. தாத்தாவுக்கு என்னைவிட நல்ல சிங்களம் தெரியும், ஆனாலும் என்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் இருத்திக்கொண்டார்.

“அம்மா, அந்தச் சின்னத் துண்டு உங்களுக்கு எதற்கு?” என்று சேர்மன் கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை, உண்மையாகவே விளங்காமல் கேட்டார். “ஊருக்கே தண்ணீர் கொடுக்கிறீர்கள். காணி சபையின் பேரில் இருந்தால் என்ன, உங்கள் பேரில் இருந்தால் என்ன? வேண்டுமானால் இதைவிடப் பெரிய துண்டு வேறு இடத்தில் தருகிறோம்.”

தாத்தா என் பக்கம் திரும்பினார். “முதலியார், நீங்க செல்லுங்க.”

நான் எதிர்பார்க்கவில்லை. ஆயுள் முழுவதும் பிறர் கதையைச் சொன்ன வாய்க்குத் தன் கதை வரத் தாமதமானது. ஆனாலும் சொன்னேன்.

எண்பத்து மூன்று ஜூலையில் நாங்கள் வந்த மறுநாள், ரோட்டால் ஒரு கூட்டம் வந்தது. கண்டியிலிருந்து தமிழர் வந்திருக்கிறார்களாம் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். தடிகளும் பெற்றோல் கலன்களும் கையில் இருந்தன. நாங்கள் நாலு பேரும் கிராம்பு காயப்போடுகிற அறைக்குள், சாக்குகளுக்குப் பின்னால் இருந்தோம். பலகை இடுக்கால் பீலியடி தெரிந்தது. தாத்தா அங்கே குடத்தோடு நின்றார். சோமாவதி ஈரத்துணியோடு அவருக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

தாத்தா அவர்களிடம் சிங்களத்தில் சொன்னது எனக்கு ஒவ்வொரு சொல்லாக நினைவிருக்கிறது. இந்தப் பீலியிலிருந்து அந்த மலை உச்சி வரைக்கும் என் வாப்பா எனக்குத் தந்த காணி. இதற்குள் யார் இருக்கலாம், யார் இருக்கக்கூடாது என்று சொல்வது நான். தண்ணீர் வேண்டுமானால் குடியுங்கள்.

முன்னுக்கு நின்றவன் தடியைக் கீழே வைத்தான். குனிந்து கையேந்திக் குடித்தான். பிறகு மற்றவர்கள் குடித்தார்கள். முகம் கழுவினார்கள். திரும்பிப் போனார்கள். ஏன் போனார்கள் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. வெயிலாக இருக்கலாம். சோமாவதியின் முறைப்பாக இருக்கலாம். அவர்கள் அந்தத் துண்டுக் காணியைத் தாண்டி வரவில்லை என்பது மட்டும் தெரியும். அன்று ஊரில் பொலிஸ் இருந்தது, நீதிமன்றம் இருந்தது, எல்லா அதிகாரமும் இருந்தது. எங்களை உயிரோடு வைத்தது ரோட்டோரத்து அந்தச் சின்னத் துண்டில் றலியா தாத்தாவுக்கு இருந்த அதிகாரம்தான்.

இதைச் சொல்லும்போது என் சிங்களம் தடுமாறியது. தாத்தா ஒரு இடத்தில் திருத்தினார்.

பள்ளிவாசலில் நோன்பு திறக்கும் பாங்கு ஒலித்தது. நஸீம் நானா பேரீச்சம்பழத் தட்டை நீட்டினார். சேர்மனுக்கும் ஒரு கோப்பை நோன்புக் கஞ்சி வந்தது. அவர் குடித்துவிட்டு, “இன்னும் கொஞ்சம் இருக்கிறதா?” என்று கேட்டார். விஷயம் அங்கேயே முடிந்துவிட்டது. காணி தாத்தாவுடையது என்று மாவட்ட நீதிமன்றத்தில் ஒப்புக்கொள்வதாகவும் பலகையைப் பிடுங்குவதாகவும் சொன்னார். கட்டியது கட்டியபடி இருக்கட்டும் என்று தாத்தா சொன்னார். சொன்னபடியே இருவரும் செய்தார்கள். விமலநாதன் மட்டும் கொஞ்சம் வாட்டமாக இருந்தார்.

பெருநாள் முடிந்து பீலியை அக்கரைக்கு மாற்றிய அன்று, தாத்தா சேர்மனுக்கும் ஆள் அனுப்பினார். பீலியில் குளிக்கிற வீட்டிலிருந்து ஒரு ஆள் கமுகுக்குக் கை கொடுக்கவேண்டுமே, சபை மட்டும் விதிவிலக்கா? அவர் வந்தார். சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு முன் நுனியைத் தோளில் வைத்தார். பின் நுனியை இருளப்பன் பிடித்தான். ஓடையின் நடுவில் கால் வழுக்கி இடுப்புவரை நனைந்தார். கரையில் நின்றவர்கள் சிரித்தார்கள், அவரும் சிரித்தார். தேர்தலில் அவர் வென்றார். தொட்டிக்காக அல்ல, அந்த வழுக்கலுக்காக என்று சோமாவதி சொல்வாள்.

பிடுங்கிய பலகையைத் தாத்தா எறியவில்லை. நல்ல பலாப்பலகை. எழுத்துப் பக்கத்தைக் கீழே வைத்து, பீலியடியில் துணி துவைக்கப் போட்டார். கமுகில் தண்ணீர் திரும்பி வந்ததும் தாத்தா என்னைப் பார்த்தார்.

“முதலியார், மொதல்ல நீங்க குடிங்க.”

நான் அந்தப் பலகையில் ஏறி நின்றேன். எண்பத்து மூன்றில் தடியைக் கீழே வைத்தவன் குனிந்த அதே இடத்தில் குனிந்து, கையேந்திக் குடித்தேன். பதின்மூன்று வருடம் அந்த வளவில் இருந்தும் அந்தக் கூட்டம் வந்து போன இந்த ரோட்டுக் கரையில் நின்று நான் தண்ணீர் குடித்தது அதுதான் முதல் தடவை.